ஏபிகே ஓரிடம், ஓபிபி ஓரிடம்: கேமைக் கையால் நிறுவும்போது என்ன நடக்கிறது?

கேம் இன்ஸ்டால் ஆகிவிட்டது. ஐகானும் வந்துவிட்டது. ஆசையாகத் தொட்டால் திரை கருப்பாகி, நடுவில் ஆங்கிலத்தில் ஒரு வரி வருகிறது. 'டவுன்லோடு ஆகவில்லை, நீங்கள் இந்த ஆப்பை வாங்காதவராக இருக்கலாம்' என்று அதற்கு அர்த்தம். காசு கொடுத்து வாங்கிய ஒரு கேமைப் பழைய போனிலிருந்து புதிய போனுக்குக் கையால் மாற்றியபோது எனக்கு இந்த வரி வந்தது. வாங்கிய ரசீது மெயிலில் இருந்தது. ஆப்பை நிறுவும் கோப்பான ஏபிகே சரியானது. கேமின் மீதிப் பொருள்களைச் சுமக்கும் டேட்டா கோப்பும் (அதுதான் ஓபிபி) முழுதாக இருந்தது. இரண்டு நாள் தேடிய பிறகுதான் தெரிந்தது: ஜிப்பைப் பிரித்தபோது ஃபோல்டருக்குள் அதே பெயரில் இன்னொரு ஃபோல்டர் உருவாகியிருந்தது. கோப்பு ஒரு படி ஆழத்தில் கிடந்தது. கேம் அதைப் பார்க்கவே இல்லை.

ஒரு ஃபோல்டர் இடம் மாறியதற்கும் 'நீங்கள் வாங்கவில்லை' என்ற பேச்சுக்கும் என்ன சம்பந்தம்? இதற்குப் பதில் சொல்லப் போனால், ஆண்ட்ராய்டில் பெரிய கேம்கள் எப்படிக் கட்டப்படுகின்றன என்ற கதை முழுவதும் வந்துவிடும். முக்கியமானதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஏபிகேவும் அதன் டேட்டா கோப்பும் ஒன்றோடொன்று ஒட்டியவை அல்ல. அவற்றைச் சேர்த்து வைத்திருப்பது ஒரு பெயரும் ஒரு முகவரியும்தான். ஏபிகேவை ஆண்ட்ராய்டு சோதிக்கிறது. டேட்டா கோப்பைத் திறந்துகூடப் பார்ப்பதில்லை. கையால் நிறுவும்போது வரும் தொல்லைகளில் பெரும்பாலானவை இங்கிருந்துதான் கிளம்புகின்றன.

50 எம்பிக்குள் அடங்காத கேம்கள்

ஏபிகே என்பது அடிப்படையில் ஒரு ஜிப் கோப்பு. கம்ப்யூட்டரில் ஜிப் பிரிக்கும் மென்பொருளால் திறந்து பார்த்தால் உள்ளே நிரல் இருக்கும், ஆப்பின் பெயரையும் அனுமதிகளையும் சொல்லும் மேனிஃபெஸ்ட் இருக்கும், ப்ராசஸருக்கு ஏற்ற லைப்ரரிகள், படங்கள், ஒலிகள், கையொப்ப விவரங்கள் எல்லாம் இருக்கும். ஆண்ட்ராய்டு மார்க்கெட் என்ற பெயரில் கூகுளின் கடை இயங்கிய காலத்தில் ஒரு ஏபிகே 50 எம்பியைத் தாண்டக் கூடாது. ஒரு கால்குலேட்டருக்கோ அலாரத்துக்கோ அது தாராளம். முப்பரிமாணத்தில் ஓடும் ஒரு கார் பந்தய கேமுக்கு, கார்களை ஏற்றி முடிப்பதற்குள் இடம் தீர்ந்துவிடும்.

எனவே கேம் நிறுவனங்கள் ஆளுக்கொரு வழி கண்டுபிடித்தன. கடையில் இருக்கும் ஏபிகேவில் எஞ்சின் மட்டும் இருக்கும். முதல் முறை திறக்கும்போது, கேம் தன் நிறுவனத்தின் சர்வருக்குப் போய் மீதியை இறக்கிக்கொள்ளும். அந்த டேட்டா எங்கே போய் உட்காரும் என்பதற்கு எந்தப் பொது விதியும் இல்லை. கேம்லாஃப்ட் கேம்கள் ஸ்டோரேஜில் தங்கள் பெயரிலேயே ஒரு ஃபோல்டர் வைத்துக்கொண்டன. வேறு சில, ஆண்ட்ராய்டு ஃபோல்டருக்குள் இருக்கும் டேட்டா ஃபோல்டரில் இறக்கின. 'எஸ்டி டேட்டா எங்கே போடணும்?' என்ற கேள்வி அந்த நாளில் கேம் ஆடுகிறவர்கள் எல்லோரும் கேட்டது. ஒவ்வொரு கேமுக்கும் பதில் வேறு.

இதைவிடப் பெரிய தலைவலி ஒன்று இருந்தது. ஒரே கேமுக்கு நாலு விதமான டேட்டா இருக்கும். எந்த ஜிபியு, அதாவது திரையில் படங்களை வரையும் சிப், உங்கள் போனில் என்று தெரியாமல் இறக்கினால் அவ்வளவும் வீண்.

காரணம் டெக்ஸ்சர்கள். சுவரின் செங்கல், சாலையின் தார், முகத்தின் தோல் என்று முப்பரிமாண உருவங்களின் மேல் போர்த்தும் படங்களைத்தான் டெக்ஸ்சர் என்கிறோம். இவற்றைச் சுருக்கிய நிலையிலேயே ஜிபியு நேரடியாகப் படித்தால்தான் மெமரி தாங்கும். அந்தச் சுருக்கும் முறை ஒவ்வொரு ஜிபியுவுக்கும் வேறாக இருந்தது. அட்ரினோவுக்கு ஏடிசி. பவர்விஆருக்கு பிவிஆர்டிசி. டெக்ராவுக்கு எஸ்3டிசி. ஈடிசி1 என்ற ஒன்று மட்டும், ஓபன்ஜிஎல் இஎஸ் 2.0 என்ற கிராஃபிக்ஸ் பொது விதிமுறை உள்ள ஆண்ட்ராய்டு போன்களில் பொதுவாக ஓடும். மாலி ஜிபியு உள்ளவர்களுக்கு அதுதான் கதி. ஆனால் ஈடிசி1 முறையில் ஒளி ஊடுருவும் தன்மையைச் சேமிக்க முடியாது. மர இலை, புகை, கண்ணாடி, வேலிக்கம்பி போன்றவற்றுக்குத் தனியாக இன்னொரு படம் வைத்துச் சமாளிக்க வேண்டும். நல்ல தரம் வேண்டும் என்று நினைத்த நிறுவனங்கள் ஜிபியுவுக்கு ஒரு பேக் என்று நாலும் செய்தன. பவர்விஆர் பேக்கை அட்ரினோ போனில் போட்டவருக்குக் கார் வெள்ளைக் கட்டியாகத் தெரியும், அல்லது கேம் திறந்த வேகத்தில் மூடிக்கொள்ளும். 2013இல் ஆண்ட்ராய்டு 4.3 ஓபன்ஜிஎல் இஎஸ் 3.0ஐக் கொண்டுவந்தது. அதில் ஈடிசி2 கட்டாயம். ஒளி ஊடுருவலும் அதில் சேமிக்கலாம். அப்புறம் ஏஎஸ்டிசி என்ற இன்னொரு சுருக்கும் முறை பரவியது. இன்று ஜிபியு பார்த்து டேட்டா தேடும் வேலை அனேகமாக இல்லை. பழைய கேம்களைத் தேடுகிறவர்களுக்கு மட்டும் அந்தப் பழைய பிரிவினை இன்னும் எதிர்ப்படும்.

2012 மார்ச்சில் கூகுள் ஒரு பொது வழி போட்டுக்கொடுத்தது. ஏபிகே 50 எம்பிதான். ஆனால் கூடவே இரண்டு விரிவாக்கக் கோப்புகள், ஒவ்வொன்றும் 2 ஜிபி வரை. அவற்றைக் கடையே தன் சர்வரில் வைத்துக் கொடுக்கும். இந்தக் கோப்புகள்தான் ஓபிபி. ஒப்பேக் பைனரி பிளாப் என்பதன் சுருக்கம் அது. உள்ளே என்ன இருக்கிறதென்று வெளியிலிருந்து பார்க்கிறவருக்குத் தெரியாத ஒரு மூட்டை என்று வைத்துக்கொள்ளலாம். பெயரே எல்லாவற்றையும் சொல்லிவிடுகிறது. ஜிப்பாக இருக்கலாம், நிறுவனத்தின் சொந்த வடிவமாக இருக்கலாம், ஆண்ட்ராய்டுக்கு அதில் அக்கறை இல்லை. ஏபிகேவின் வரம்பு 2015இல் 100 எம்பியாக உயர்ந்தது. கேம்கள் அதைவிட வேகமாக வளர்ந்துகொண்டிருந்ததால் ஓபிபி போகவில்லை.

பெயரும் முகவரியும்

ஓபிபியின் பெயர் அலங்காரம் அல்ல. டிசம்பர் 2013இல் ஆண்ட்ராய்டுக்கு வந்த ஜிடிஏ சான் ஆண்ட்ரியாஸை எடுத்துக்கொள்வோம். அதன் ஓபிபி பெயரைத் தமிழில் எழுத்துக்கூட்டினால் இப்படி வரும்: மெயின்.8.காம்.ராக்ஸ்டார்கேம்ஸ்.ஜிடிஏஎஸ்ஏ.ஓபிபி. இதற்குத் துணையாக 'மெயின்' இருக்கும் இடத்தில் 'பேட்ச்' என்று தொடங்கும் இன்னொன்று. முதல் சொல் இது மூலக் கோப்பா, பிறகு வந்த திருத்தமா என்று சொல்கிறது. மூன்றாவதாக நீளமாக இருப்பது கேமின் பேக்கேஜ் பெயர். ஆண்ட்ராய்டு ஆப்களை அடையாளம் காண்பது இந்தப் பெயரால்தான், ஐகானுக்குக் கீழே தெரியும் பெயரால் அல்ல.

நடுவில் இருக்கும் அந்த எண்ணில்தான் நிறையப் பேர் வழுக்குகிறார்கள். அது '1.08' போல நம் கண்ணுக்குக் காட்டப்படும் பதிப்பு எண் அல்ல. வெர்ஷன் கோடு என்று ஒன்று ஏபிகேவின் மேனிஃபெஸ்டில் தனியாக இருக்கிறது. ஒவ்வொரு பதிப்புக்கும் ஏறிக்கொண்டே போகும் முழு எண் அது. ஓபிபி எந்த ஏபிகேவோடு முதலில் கடைக்கு ஏற்றப்பட்டதோ அதன் வெர்ஷன் கோடு ஓபிபியின் பெயரில் பதிந்துவிடும். பிறகு ஒரு சின்னத் திருத்தம் செய்து புது ஏபிகே மட்டும் வெளியிட்டால், அது பழைய ஓபிபியையே பயன்படுத்திக்கொள்ளலாம். அதாவது ஏபிகேவின் எண் 14 ஆகவும் ஓபிபியின் எண் 8 ஆகவும் இருப்பது பிழை இல்லை. எண் ஒத்துப்போகவில்லையே என்று நாமாகப் பெயரை மாற்றினால், ஓடிக்கொண்டிருந்ததும் நின்றுவிடும். கேம் தனக்கு வேண்டிய எண்ணைத் தனக்குள்ளேயே எழுதி வைத்திருக்கிறது. அந்தப் பெயரில் கோப்பு இருக்கிறதா என்று மட்டும் பார்க்கும். பலசமயம் அளவையும் பைட் கணக்கில் ஒப்பிடும்.

முகவரி எளிது. போனின் உள் ஸ்டோரேஜ், அதற்குள் ஆண்ட்ராய்டு ஃபோல்டர், அதற்குள் ஓபிபி ஃபோல்டர், அதற்குள் பேக்கேஜ் பெயரில் ஒரு ஃபோல்டர், அதற்குள் நேராகக் கோப்பு. இவ்வளவு எளிதான இடத்தில் எத்தனை விதமாகத் தவறலாம் என்பது வியப்பாக இருக்கும். என்னைப் போல ஃபோல்டருக்குள் ஃபோல்டர் வைப்பது ஒன்று. ஒரே கோப்பை இரண்டு முறை இறக்கினால் பிரவுசர் பெயரின் கடைசியில் அடைப்புக்குறிக்குள் 1 என்று சேர்த்துவிடும். பார்வைக்குச் சின்ன மாற்றம், கேமுக்கு அது வேறு கோப்பு. சிலர் ஓபிபியையும் ஜிப் என்று நினைத்துப் பிரித்துவிடுகிறார்கள். அதைப் பிரிக்கவே கூடாது.

இன்னொன்று கொஞ்சம் கொடுமையானது. ஆண்ட்ராய்டில் 'எஸ்டிகார்டு' என்று தொடங்கும் பாதை இன்றைய போன்களில் நாம் செருகும் மெமரி கார்டைக் குறிப்பதில்லை. அது உள் ஸ்டோரேஜுக்குப் பழைய காலத்திலிருந்து ஒட்டிக்கொண்டிருக்கும் பெயர். உண்மையான பாதை ஸ்டோரேஜ், எமுலேட்டட், 0 என்று போகும். வழிகாட்டியில் 'எஸ்டிகார்டு' என்று படித்துவிட்டு நிஜமான கார்டில் 2 ஜிபி கோப்பைப் போட்டுவிட்டு உட்கார்ந்திருப்பவர்கள் மேல் எந்தத் தப்பும் இல்லை. பெயர் அப்படி. அந்த 0 என்பது போனின் முதல் பயனரைக் குறிப்பது. வொர்க் புரொஃபைலிலோ இரண்டாவது பயனர் கணக்கிலோ கேமை நிறுவினால் எண் மாறும், முகவரியும் மாறும்.

சரி, அந்த 'நீங்கள் வாங்கவில்லை' விஷயத்துக்கு வருவோம். கூகுள் 2012இல் விரிவாக்கக் கோப்புகளோடு டெவலப்பர்களுக்கு ஒரு டவுன்லோடர் லைப்ரரியும் மாதிரியாகக் கொடுத்தது. ஓபிபி அதன் இடத்தில் இல்லையென்றால், கேம் இந்த டவுன்லோடரை எழுப்பும். ஓபிபியின் இணைய முகவரியை டவுன்லோடர் கேட்பது கடையின் லைசென்ஸ் சர்வரிடம். இந்தக் கணக்குக்கு இந்தக் கேம் சொந்தமா என்று பார்க்கும் அதே சர்வர்தான் முகவரியையும் தருகிறது. சொந்தம் என்று அது சொல்லாவிட்டால், லைப்ரரியில் எழுதிவைத்த அந்த வரி திரையில் வந்து நிற்கும். போனில் வேறு கூகுள் கணக்கு இருந்தாலும் வரலாம். ஆக அந்த வரியை இப்படிப் படிக்க வேண்டும்: 'எனக்கு வேண்டிய கோப்பு வேண்டிய இடத்தில் இல்லை, இறக்கலாம் என்று கேட்டேன், கொடுக்கவில்லை.' முதல் பாதியைச் சரிசெய்துவிட்டால் இரண்டாம் பாதிக்குப் பெரும்பாலும் வேலையே இல்லை.

இதனால்தான் வரிசையும் முக்கியம். ஏபிகேவை நிறுவ வேண்டும், திறக்கக் கூடாது. கோப்பை இடத்தில் வைக்க வேண்டும். அதன் பிறகு திறக்க வேண்டும். இன்னொன்றும் நினைவில் இருக்கட்டும்: கேமை அன்இன்ஸ்டால் செய்தால் ஆண்ட்ராய்டு அந்த பேக்கேஜின் ஓபிபி ஃபோல்டரையும் சேர்த்தே துடைத்துவிடும். பிரச்சினை வந்தவுடன் அன்இன்ஸ்டால் செய்து மறுபடி நிறுவுவது நம் எல்லோருக்கும் கை தானாகச் செய்யும் வேலை. 2 ஜிபி கோப்பின் ஒரே பிரதி அந்த ஃபோல்டரில் இருந்தால் அது போய்விடும்.

ஆண்ட்ராய்டு 11க்குப் பிறகு

2020இல் வந்த ஆண்ட்ராய்டு 11, டேட்டா, ஓபிபி ஃபோல்டர்களைப் பூட்டியது. 'எல்லாக் கோப்புகளுக்கும் அனுமதி' கொடுத்த ஃபைல் மேனேஜர்கூட மற்ற ஆப்களின் டேட்டா ஃபோல்டருக்குள் நுழைய முடியாது. இது கேம் ஆடுகிறவர்களை வாட்டுவதற்காகச் செய்ததல்ல. அதற்கு முன்பு ஸ்டோரேஜ் அனுமதி வாங்கிய எந்த ஆப்பும் இன்னொரு ஆப் அங்கே வைத்ததைப் படிக்கலாம், மாற்றலாம், அழிக்கலாம் என்ற நிலை இருந்தது.

ஆனால் ஓபிபிக்கு மட்டும் ஒரு வாசல் விட்டிருக்கிறார்கள். ஆப்களை நிறுவும் உரிமை பெற்ற ஆப், ஓபிபி ஃபோல்டருக்குள் எழுதலாம். நிறுவுகிற ஆளே டேட்டாவையும் வைக்க வேண்டியிருக்கும் என்பதால் இந்த ஏற்பாடு. ஃபைல் மேனேஜருக்கு அமைப்புகளில் 'அறியாத ஆப்களை நிறுவ அனுமதி' கொடுத்துவிட்டு, அதை முழுதாக மூடி மறுபடி திறந்தால் ஓபிபி ஃபோல்டர் திறந்துகொள்வதை நீங்கள் பார்த்திருக்கலாம். மூடித் திறப்பது ஏன் என்றால், எந்தெந்த இடம் தெரிய வேண்டும் என்பது ஆப் தொடங்கும் நொடியில் முடிவாகிறது. இது முடியாத போனில் யுஎஸ்பி கேபிளால் கம்ப்யூட்டரோடு இணைத்துக் காப்பி செய்யலாம்; டெவலப்பர் ஆப்ஷன்ஸ் பழகியவர்கள், கம்ப்யூட்டரிலிருந்து போனுக்குக் கட்டளை அனுப்பும் ஏடிபி என்ற கருவியின் புஷ் கட்டளையால் செய்யலாம். எனக்குக் கேபிள் வழிதான் நம்பகமாக இருந்திருக்கிறது. அதில் அளவை இரண்டு பக்கமும் பைட் வரை ஒப்பிட்டுப் பார்க்க முடிகிறது.

எல்லாம் சரியாக இருந்தும் கேம் ஓபிபியைப் படிக்க மறுத்தால், கேமின் அனுமதிகளில் ஸ்டோரேஜ் அனுமதி இருக்கிறதா என்று பாருங்கள். ஆண்ட்ராய்டு 6 காலத்துப் போன்களில் இது அடிக்கடி காரணமாக இருந்தது.

ஓபிபியே இல்லாத புதிய கேம்கள்

2021 ஆகஸ்ட் முதல் ப்ளே ஸ்டோருக்கு வரும் புதிய ஆப்கள் ஏபிகேவாக அல்ல, ஆப் பண்டிலாகத்தான் ஏற்றப்பட வேண்டும். அவற்றுக்கு ஓபிபி கிடையாது; ப்ளே அசெட் டெலிவரி என்ற முறையில் டேட்டா வருகிறது. பண்டிலை வைத்துக்கொண்டு, உங்கள் போனுக்கு வேண்டியதை மட்டும் கடை வெட்டித் தருகிறது. அடிப்படை ஏபிகே ஒன்று, ப்ராசஸருக்கு ஒன்று, திரை அடர்த்திக்கு ஒன்று, மொழிக்கு ஒன்று. எல்லாம் சேர்ந்தால்தான் ஒரு கேம்.

கையால் நிறுவுகிறவர்களுக்கு இது புதுக் குழப்பம். நண்பரின் போனில் ஓடும் கேமின் அடிப்படை ஏபிகேவை மட்டும் வாங்கி நிறுவினால் 'ஆப் நிறுவப்படவில்லை' என்று வரும், அல்லது திறந்ததும் மூடிக்கொள்ளும். எக்ஸ்ஏபிகே, ஏபிகேஎஸ், ஏபிகேஎம் என்றெல்லாம் வால் வைத்து வருபவை இந்தத் துண்டுகளை ஒன்றாகக் கட்டிய ஜிப்கள்தான். எக்ஸ்ஏபிகேவில் சிலசமயம் பழைய பாணி ஓபிபியும் உள்ளே இருக்கும். இவற்றைப் பிரித்து ஒரே முறையில் எல்லாத் துண்டுகளையும் கொடுக்கும் ஒரு நிறுவி ஆப் வேண்டும், அல்லது ஏடிபியில் பல ஏபிகேக்களைச் சேர்த்து நிறுவும் கட்டளை வேண்டும். ஒவ்வொன்றாகத் தொட்டு நிறுவ முயன்றால் நடக்காது.

யாரை நம்பி நிறுவுகிறோம்

ஏபிகேவில் டெவலப்பரின் கையொப்பம் இருக்கிறது. ஒரு கேமை நிறுவிய பிறகு அதன் மேல் அப்டேட் போட வேண்டுமென்றால் அதே சாவியால் (டெவலப்பர் வைத்திருக்கும் ரகசிய டிஜிட்டல் சாவி) கையொப்பமிட்ட ஏபிகேதான் ஏறும். யாராவது ஏபிகேவைத் திறந்து ஒரு பைட்டை மாற்றினாலும் பழைய கையொப்பம் செல்லாது. மாற்றியவர் தன் சாவியால் மறுபடி கையொப்பமிட வேண்டும். 'மோட்' என்று உலவுபவை எல்லாம் இப்படி வேறு ஒருவரின் சாவியால் கையொப்பமிட்டவை. அசல் கேமுக்கு மேல் மோடை நிறுவ முடியாமல், முதலில் அசலை அன்இன்ஸ்டால் செய்யச் சொல்வது இதனால்தான். அந்த நொடியில் நாம் ஒரு பாதுகாப்பை நம் கையாலேயே கழற்றுகிறோம்.

2016 ஜூலையில் போகிமான் கோ முதலில் சில நாடுகளில் மட்டும் வந்தது. மற்றவர்கள் பொறுக்க முடியாமல் ஏபிகே தேடினார்கள். வெளியான 72 மணி நேரத்துக்குள் டிராய்ட்ஜாக் என்ற உளவு மென்பொருளைப் பொதிந்த ஒரு போகிமான் கோ ஏபிகே உலவத் தொடங்கியிருந்ததை ப்ரூஃப்பாயின்ட் நிறுவனம் கண்டுபிடித்தது. கேம் பார்வைக்கு அப்படியேதான் இருந்தது. அனுமதிப் பட்டியல் மட்டும் நீண்டிருந்தது. பொம்மைகள் பிடிக்கும் கேமுக்கு எஸ்எம்எஸ் படிக்கும் அனுமதி எதற்கு என்று ஒருவர் நிதானித்திருந்தால் அங்கேயே நின்றிருக்கும்.

ஓபிபியில் இந்தக் கையொப்பம் கிடையாது. அதைச் சரிபார்ப்பது முழுக்கக் கேமின் பொறுப்பு. சில கேம்கள் அளவை மட்டும் பார்க்கின்றன, சில செக்சம் (கோப்பின் உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடும் சரிபார்ப்பு எண்) பார்க்கின்றன, சில எதையும் பார்ப்பதில்லை. பொதுவான இடத்தில் கோப்பு வைப்பது எவ்வளவு ஆபத்தானது என்பதற்கு 2018 ஆகஸ்டில் நடந்தது நல்ல சான்று. ஃபோர்ட்நைட் அப்போது ப்ளே ஸ்டோருக்கு வெளியே, தன் சொந்த நிறுவியோடு ஆண்ட்ராய்டுக்கு வந்தது. சாம்சங் போன்களில் அந்த நிறுவி இறக்கிய ஏபிகேவைப் பொது ஸ்டோரேஜில் வைத்தது. இறக்கி முடிந்ததற்கும் நிறுவுவதற்கும் இடைப்பட்ட நேரத்தில், ஸ்டோரேஜ் அனுமதி உள்ள வேறு ஆப் அதை எடுத்துவிட்டு வேறு ஏபிகேவை வைத்துவிட முடியும் என்று கூகுள் சுட்டிக்காட்டியது. உரிமையாளரான எபிக் 2.1.0 பதிப்பில் உடனே சரிசெய்தது. ஆண்ட்ராய்டு 11 பூட்டிய கதவுகளுக்குப் பின்னால் இப்படிப்பட்ட அனுபவங்கள் இருக்கின்றன.

அதனால் எனக்கு ஒரு தெளிவான நிலைப்பாடு உண்டு. கையால் நிறுவுவது தவறான வேலை அல்ல; நாம் வாங்கிய கேமை நாம் காப்பாற்றிக்கொள்ள அதைவிட நல்ல வழி இல்லை. முன்பின் தெரியாத ஒருவர் மாற்றிக் கையொப்பமிட்ட கோப்பைப் போனில் ஏற்றுவது வேறு விஷயம், அதை நான் செய்ய மாட்டேன். டெவலப்பரின் சொந்தத் தளத்திலிருந்தோ நம் பழைய போனிலிருந்தோ எடுத்தது என்றால் சரி. கோப்பின் கைரேகை போன்ற எஸ்எச்ஏ-256 மதிப்பு கொடுத்திருந்தால் ஒப்பிட்டுப் பார்க்க ஒரு நிமிடம் போதும்.

இந்த வாசல் குறுகிக்கொண்டும் வருகிறது. ஆண்ட்ராய்டு 6.0க்கு முந்தைய பதிப்புகளைக் குறிவைத்துக் கட்டிய ஆப்களை நிறுவ ஆண்ட்ராய்டு 14 மறுக்கிறது. ஏடிபியில் ஒரு விதிவிலக்குக் கட்டளை உண்டு. 2022இல் வந்த பிக்சல் 7 முதல், 64 பிட் ஆப்களை மட்டும் ஓட்டும் போன்கள் வரத் தொடங்கின. 32 பிட் லைப்ரரி மட்டுமே கொண்ட பழைய கேம்கள் அவற்றில் ஏறவே ஏறாது. டெவலப்பர் தன் அடையாளத்தைச் சரிபார்க்காத ஆப்களை நிறுவுவதற்கு 2026 செப்டம்பரில் பிரேசில், இந்தோனேசியா, சிங்கப்பூர், தாய்லாந்து நாடுகளில் தொடங்கிக் கட்டுப்பாடு வரும் என்று கூகுள் 2025 ஆகஸ்டில் அறிவித்தது. நிறுவனமே மூடிப்போய், கடையிலிருந்தும் நீங்கிவிட்ட கேம்களுக்கு யார் போய் அடையாளம் காட்டுவார்கள் என்பது எனக்கு உண்மையாகவே கவலை தருகிறது.

எனவே உங்களுக்குப் பிடித்த, காசு கொடுத்து வாங்கிய பழைய கேம் ஏதாவது போனில் இன்னும் ஓடிக்கொண்டிருந்தால் அதை இப்போதே எடுத்து வையுங்கள். ஏபிகேவை, துண்டுகள் இருந்தால் எல்லாத் துண்டுகளையும். ஓபிபி ஃபோல்டரை அதன் பேக்கேஜ் பெயரோடு, கோப்பின் பெயரில் ஓர் எழுத்துகூட மாறாமல். கேம் தானாக இறக்கிக்கொண்டது ஏதாவது இருந்தால் டேட்டா ஃபோல்டரையும். அது எந்த ஆண்ட்ராய்டு பதிப்பில், எந்தப் போனில் ஓடியது என்று ஒரு குறிப்பும் கூடவே இருக்கட்டும். நீங்கள் விளையாடிச் சேர்த்த நிலைகள் மட்டும் இந்த மூட்டையில் வராது. அவை பெரும்பாலும் ஆப்பின் தனி இடத்தில் பூட்டப்பட்டிருக்கும். கேமுக்குள் கிளவுட் சேமிப்பு இருந்தால் முதலில் அதை இயக்கிவிட்டு, அதன் பிறகு பழைய போனில் உள்ளதை அழியுங்கள்.